உடன்போக்கும் பிறப்பொப்பும்: தமிழ்க் கதைமரபிற் காதலின் எல்லைகள்

சங்ககாலத் தமிழர் காதலித்து மணந்தனர் என்பதும், பிற்காலத்திற் புகுந்த சாத்திரமும் சாதியும் அக்காதலைக் கெடுத்தன என்பதும் நம்மிடையே நெடுங்காலமாக வழங்கிவரும் ஒரு கருத்தாகும். மேடைப்பேச்சிலும் பாடநூலிலும் மட்டுமன்றி, ஆராய்ச்சியென்ற பெயரில் வெளிவரும் நூல்களிலும் அது இடம்பெற்றுள்ளது. இக்கருத்து முற்றிலும் ஆதாரமற்றதன்று. ஆயின் இதனை ஏற்போர் ஒரு வினாவை எழுப்புவதில்லை. யார் யாரைக் காதலிக்கலாம் என்பதை அக்காதலிலக்கியம் எவ்வாறு வரையறை செய்தது? இவ்வினாவை எழுப்பிய மாத்திரத்தே, காதலை என்றுமுள்ள ஒரு மனிதவுணர்ச்சியாக மட்டும் பார்க்கும் நிலையிலிருந்து விலகி, சொத்தும் பிறப்பும் மணவுறவும் ஒன்றோடொன்று பிணைந்துகிடக்கும் சமூக வரலாற்றினுள் நாம் நுழைந்துவிடுகிறோம்.

தமிழ்க் காதலிலக்கியம் முழுவதையும் ஆராய்தல் எமது நோக்கமன்று. இரண்டு எண்ணக்கருக்களை மட்டும் பின்தொடர்ந்து செல்ல விரும்புகிறோம். ஒன்று உடன்போக்கு: பெற்றோர் கொடுக்காதவிடத்துத் தலைவி தான் விரும்பியவனோடு புறப்பட்டுச் செல்லுதல். மற்றது பிறப்பொப்பு: காதலர் இருவரும் ஒத்த பிறப்பினராய் இருத்தல் வேண்டும் என்னும் விதி. முன்னது விருப்பின் பக்கம் நிற்பது; பின்னது குடியின் பக்கம் நிற்பது. இவ்விரண்டும் மோதும் இடத்திலே தமிழ்க் கதைகள் பல பிறந்துள்ளன. அம்மோதலைத் தீர்ப்பதற்குக் கதை சொல்வோர் கையாண்ட உபாயங்களும் அவ்விடத்திலேயே வெளிப்படுகின்றன.

அகப்பாடல்களின் தலைமக்களுக்குப் பெயர் இல்லை. பெயர் சுட்டப்பட்டால் அப்பாடல் அகமாகாது. இப்பெயரின்மையைக் கொண்டு, அகக்காதல் எல்லா மாந்தர்க்கும் பொதுவானது என முடிவுசெய்தோர் பலர். தொல்காப்பியமோ வேறொன்றைக் கூறுகின்றது. மெய்ப்பாட்டியலிலே தலைவனுக்கும் தலைவிக்கும் இருக்கவேண்டிய ஒப்புமைகள் பத்து எண்ணப்படுகின்றன. அவற்றுள் முதலாவது பிறப்பு, இரண்டாவது குடிமை. உருவும், காமவுணர்வும், அருளும் அவற்றின் பின்னரே வருகின்றன. பட்டியலின் இறுதியில் நிற்பது திரு. அதனைச் செல்வமெனப் பொருள் கொள்வதும் உண்டு. இவ்வொப்புமை விதிக்குக் களவியல் ஒரு விலக்குத் தருகின்றது. தலைவன் உயர்ந்தவனாயிருப்பின் அதற்குத் தடையில்லை என்பதே அவ்விலக்கு. தலைவி உயர்ந்தவளாயிருந்தால் என்ன செய்வது என்பதைப்பற்றி நூற்பா வாய்திறக்கவில்லை. இம்மௌனத்தை நாம் நினைவில் வைத்துக்கொள்ளுதல் வேண்டும். பல நூற்றாண்டுகள் கழித்துக் கழுமரத்தின் அடியில் அதன் பொருளைக் காண்போம்.

அடியோரையும் வினைவலரையும், அதாவது பிறர்க்கு அடிமைப்பட்டோரையும் ஏவல்வழி நிற்போரையும், அன்பின் ஐந்திணைக்குப் புறத்தே வைப்பதும் இவ்விலக்கணமே. அவர்கள் காதலிக்கலாம், ஆனால் அக்காதல் கைக்கிளையாகவோ பெருந்திணையாகவோ கருதப்படும் என்பது உரைகாரர் தரும் விளக்கம். தன் காலத்துக்குத் தானே உரியவனாக இல்லாதவன் காதலனாகவும் இருத்தல் இயலாது என்ற எண்ணம் இதனுள் உறைந்துள்ளது. கலித்தொகையிலே அரண்மனைப் பணியாட்களான ஒரு கூனியும் குறளனும் சந்திக்கும் பாடல் மருதக்கலியில் உள்ளது. அது நகைச்சுவையாகவே அமைந்திருப்பது தற்செயலானதன்று. தலைவனும் தலைவியும் பேசினால் அகம்; வேலையாட்கள் பேசினால் நகை. நமது திரைப்படங்களிலே கதாநாயகனின் காதலுக்குப் பக்கத்தில் நகைச்சுவை நடிகனின் காதல் ஒன்று தவறாமல் ஓடிக்கொண்டிருந்ததை அறிந்தோர்க்கு இப்பாகுபாடு புதிதாகத் தோன்றாது.

எனினும் சங்கச் சான்றோர் இலக்கணத்தின் காவலர்களாக மட்டும் இருந்துவிடவில்லை. நற்றிணையின் 45 ஆம் பாடலை இங்கு குறிப்பிடுதல் தகும். நெய்தல் நிலத்துச் சிற்றூரிலே மீன் பிடித்தும் உலர்த்தியும் வாழும் பரதவர் குடியின் மகள் தலைவி. தேர்கள் ஓடும் மூதூரின் செல்வன் மகன் தலைவன். அவனிடம் தோழி பேசுகிறாள். உங்கள் பெருமையோடு எங்களை ஒப்பிட்டுப் பார்க்கவேண்டியதில்லை, எங்கள் மேல் புலால் நாறும், விலகி நில்லும், எங்கள் வாழ்வு எங்களுக்குப் போதும், எம்முள்ளும் உம்மைப் போன்றோர் உளர் என்பது அவள் பேச்சின் சாரம். இதனைச் சேட்படை என்று துறைவகுத்து, தலைவனின் ஆர்வத்தைக் கூட்டுவதற்கான தந்திரமாகவே உரைகாரர் கொள்வர். அது துறை மட்டுமாயின், உழைப்பின் நாற்றம் அதனுள் வரவேண்டிய தேவையில்லை. உற்பத்தியில் ஈடுபடுவோருக்கும் அதன் உபரியை நுகர்வோருக்கும் இடையிலுள்ள தூரத்தை அளந்தறிந்த ஒருவரே இதனைப் பாடியிருக்க முடியும்.

உடன்போக்குப் பற்றிய பாடல்கள் அகவிலக்கியத்தின் மிகச் சிறந்த பகுதிகளுள் அடங்குவன. ஐங்குறுநூற்றின் பாலைப்பகுதியில் உடன்போக்கின்போது இடைச்சுரத்துக் கூறியவற்றுக்கு ஒரு பத்து; போனவர் மீண்டு வருவதற்கு மறுதரவுப் பத்து என்று இன்னொன்று. மகளைத் தேடிச் செல்லும் செவிலியின் புலம்பலை அகநானூறும் நற்றிணையும் மீண்டும் மீண்டும் பாடுகின்றன. கலித்தொகையின் பாலைக்கலியில் செவிலிக்கு விடைகூறும் அந்தணர், பிறந்த இடத்துக்குப் பயன்படாத பொருள்களை உவமை காட்டி, மகள் சென்றதே அறம் என்று தேற்றி அனுப்புகின்றனர். கொடுப்போர் இல்லாதவிடத்தும் மணச்சடங்கு உண்டு, அது உடன்போனவர்க்கு உரியது எனக் கற்பியலும் இதற்கு இடமளிக்கின்றது. அகமரபில் உடன்போக்கு ஒரு பிறழ்ச்சியன்று. அது கற்புக்குச் செல்லும் வழிகளுள் ஒன்று.

ஏங்கல்ஸ் 1884 இல் வெளியிட்ட ‘குடும்பம், தனிச்சொத்து, அரசு ஆகியவற்றின் தோற்றம்’ என்னும் நூலிலே, ஐரோப்பாவில் தனிநபர்க் காதல் முதன்முதலாக இடைக்காலத்து வீரர்களின் மணத்துக்கு வெளியேயான உறவிலேயே தோன்றியது என்பார். மணம் சொத்தைப் பேணும் ஒப்பந்தமாக இருந்தமையால், காதலுக்கு மணத்தின் வெளியேதான் இடமிருந்தது. தமிழ்ச் சான்றுகளை இச்சட்டகத்துள் அப்படியே புகுத்துவது இயந்திரப்பாங்கானது. இங்கு களவு மணத்துக்கு எதிரானதாகவன்றி மணத்தின் முன்படியாகவே கொள்ளப்பட்டது. வேட்டையும் தினைப்புனமும் மந்தையும் வாழ்வின் ஆதாரமாய் இருந்த குறிஞ்சி, முல்லைச் சமுதாயங்களிலே, பரம்பரையாகக் கைமாறும் நிலச்சொத்து வலுப்பெறாத நிலையில், இளையோரின் தெரிவுக்கு ஓரளவு இடமிருந்திருத்தல் வேண்டும். கார்த்திகேசு சிவத்தம்பி திணைக்கோட்பாட்டைத் தமிழகத்தின் சமனற்ற பொருளாதார வளர்ச்சியோடு இணைத்து 1970 களில் விளக்கியபின், இவ்விடயத்தை நிலக்காட்சி வருணனையாக மட்டும் பார்த்தல் இயலாததாயிற்று. மருதத்திற்கு வந்ததும் களவு பின்தள்ளப்பட்டுப் பரத்தையும் ஊடலும் முன்னே வருவதற்கு நெல்வயலே காரணம். மணச்சடங்கு ஏற்பட்டமைக்குக் காரணம் கூறும் கற்பியல் நூற்பா, மாந்தரிடையே பொய்ம்மையும் பிழையும் தலைகாட்டியமையால் மூத்தோர் அதனை வகுத்தனர் என்கிறது. எதைப்பற்றிய பொய் என்று நாம் கேட்கவேண்டும். கொண்டவளைக் கொள்ளவில்லை என மறுக்கும் பொய்யானது, பிறக்கும் பிள்ளைக்கு நிலம் உண்டா இல்லையா என்ற கேள்வி எழுந்த காலத்திலேதான் சமூகத்தின் பிரச்சினையாகிறது.

அகத்தை மட்டும் படித்துச் சங்ககால மணத்தை மதிப்பிடுவோர் புறத்தையும் புரட்டிப் பார்த்தல் நன்று. புறநானூற்றிலே 336 ஆம் பாடலையடுத்து வரும் மகட்பாற் காஞ்சிப் பாடல்களில் ஒரு பெண்ணின் பொருட்டு ஊர்கள் அழிகின்றன. வேந்தன் பெண் கேட்கிறான், தந்தை மறுக்கிறான், தமையன்மார் வேல் எடுக்கின்றனர், பெண்ணின் விருப்பத்தை எவரும் கேட்பதில்லை. பாரி இறந்தபின் அவன் மகளிரைக் கபிலர் சிற்றரசரிடம் அழைத்துச் சென்று கொள்ளுமாறு வேண்டிய கதையும் புறத்திலேயே உள்ளது. பெயர் சுட்டப்படும் பெண்ணுக்குக் களவு இல்லை. பெயரில்லாத தலைவிக்கே அது வாய்க்கிறது.

பின்னர் வந்த காப்பிய, பக்தி, பேரரசுக் காலங்களை இங்கு விரைந்தே கடந்துசெல்கிறோம். சிலப்பதிகாரம் பெருவணிகர் குடிகள் இரண்டு ஏற்பாடு செய்த திருமணத்தோடு தொடங்குகின்றது. கண்ணகிக்கும் கோவலனுக்கும் களவு கிடையாது. ஆண்டாளும் நம்மாழ்வாரும் அகத்தின் மொழியை இறைவன்பால் திருப்பினர். மானிடனை மணக்க மறுக்கும் பெண் அம்மொழியிலே தனக்கென ஓரிடத்தைக் கண்டாள் என்பதும் உண்மை. திருக்கோவையார் நானூறு துறைகளிலே களவையும் உடன்போக்கையும் வரிசைப்படுத்தியபோது, ஒருகாலத்து வழக்காறு புலமைப் பயிற்சியாகியது. மூவருலாவிலோ ஏழு பருவத்துப் பெண்களும் ஒருதலையாக மன்னன்மேல் மையல்கொள்கின்றனர். நிலமானியப் பேரரசின் காலத்திலே காதல் குடிமக்கள் அரசனுக்குச் செலுத்தும் திறைகளுள் ஒன்றாயிற்று. கம்பன் மட்டும் மிதிலையிலே வில் முறியுமுன் இராமனும் சீதையும் ஒருவரையொருவர் காணும்படி செய்தான். வான்மீகத்தில் இல்லாத அக்காட்சி அகமரபின் நிர்ப்பந்தத்தால் விளைந்தது. எனினும் பிறப்பொப்புக்கு அங்கே எவ்வித இடையூறும் இல்லை.

இடையூறு தோன்றுவது நாட்டார் கதைப்பாடல்களில்தான். தமிழிற் காதல் பற்றிய உண்மையான விவாதம் நடந்த இடம் அதுவே என்பது எமது கருத்து. இத்துறையில் நா. வானமாமலையின் பணி முன்னோடியானது. 1971 இல் மதுரைப் பல்கலைக்கழகத்துக்காக அவர் பதிப்பித்த முத்துப்பட்டன் கதையை எடுத்துக்கொள்வோம். பிராமண இளைஞனான முத்துப்பட்டன், சக்கிலியரான வாலப்பகடையின் வீட்டுப் பெண்களான பொம்மக்காவையும் திம்மக்காவையும் விரும்புகிறான். பெண் தருவதற்கு வாலப்பகடை இடும் நிபந்தனை கடுமையானது: குடுமியையும் பூணூலையும் களைந்துவிட்டுத் தோல் வேலை பழகி, செருப்புத் தைத்து விற்றுக் காட்டவேண்டும். முத்துப்பட்டன் அதனைச் செய்கிறான். ஈண்டுக் காதலின் சோதனை வில்லை முறிப்பதன்று, ஏற்றைத் தழுவுவதுமன்று. இழிந்ததென ஒதுக்கப்பட்ட தொழிலைத் தன் கையாற் செய்வது. தமிழிலக்கியத்தில் உழைப்பே காதலின் உரைகல்லாக வைக்கப்பட்ட இன்னோர் இடத்தை எளிதிற் காட்ட முடியாது. இறுதியில் அவன் மாமனின் மாடுகளைக் கவரவந்தோரோடு பொருது மடிகிறான். பெண்கள் இருவரும் தீயிற் புகுகின்றனர். பாபநாசம் மலைப்பகுதியிலுள்ள சொரிமுத்து ஐயனார் கோயிலில் அவன் பட்டவராயனாக இன்றும் வழிபடப்படுகிறான். அடியார் அவனுக்குத் தோற்செருப்பைக் காணிக்கையாகச் செலுத்துகின்றனர்.

இத்தகைய கதை அப்படியே விடப்படுமா? பெண்கள் இருவரும் உண்மையிற் பிராமணக் குலத்துப் பிறந்தவர்களென்றும், காட்டிற் கண்டெடுக்கப்பட்டுச் சக்கிலியரால் வளர்க்கப்பட்டனரென்றும் சொல்லும் ஒரு பகுதி பாடலில் இடம்பெற்றது. இது மேற்சாதியாரின் தலையீட்டாற் பின்னர் நுழைக்கப்பட்டது என வானமாமலை கருதினார். அக்கருத்து எமக்கும் உடன்பாடானதே. கதையின் தர்க்கமும் அதற்குச் சான்று பகர்கின்றது. பெண்கள் பிராமணராயின் செருப்புத் தைக்கும் சோதனைக்குப் பொருளில்லை. ஆனால் இடைச்செருகலைச் செய்தவருக்குத் தர்க்கம் முக்கியமன்று. பிறப்பொப்பு மீண்டும் நிலைநாட்டப்பட்டால் போதும். பிறப்பின் இரகசியம் என்ற உத்தி இவ்வாறு தமிழ்க் கதையில் ஒரு சமூகக் கடமையை ஏற்றுக்கொள்கிறது. மதுரைவீரனும் செருப்புத் தைப்போரால் வளர்க்கப்பட்ட அரசகுமாரனே எனக் கதை கூறுவதை இதனோடு ஒப்பிடலாம்.

காத்தவராயனின் கதை இன்னும் கொடியது. முத்துப்பட்டன் உயர்ந்த ஆண். காத்தவராயனோ தாழ்ந்தவனாகக் கருதப்பட்ட ஆண். அவன் விரும்புவது பிராமணப் பெண்ணான ஆரியமாலையை. தொல்காப்பியம் மௌனம் சாதித்த இடத்துக்கு இங்கே வந்துசேர்கிறோம். தலைவன் மிக்கவனாயின் தடையில்லை. தலைவி மிக்கவளாயின் கழுமரம். இக்கதையிலும் காத்தவராயன் சிவபெருமானின் மைந்தன், சாபத்தால் மண்ணுக்கு வந்தவன் என்ற தெய்வப் பிறப்பு இணைக்கப்பட்டுள்ளது. எனினும் அத்தெய்வப் பிறப்பு அவனைக் கழுவிலிருந்து காப்பாற்றவில்லை. யாழ்ப்பாணத்தில் காத்தவராயன் கூத்து அம்மன் கோயில்களிலே நேர்த்திக்காக ஆடப்பட்டு வந்ததை நாம் அறிவோம். காத்தானின் வெவ்வேறு பருவங்களை வெவ்வேறு நடிகர் ஏற்பர். தாய் முத்துமாரி மகனைத் தடுக்க முயல்வாள். விடியும் வேளையிற் கழுவேற்றம் நிகழும். சாதியொடுக்குமுறையில் தென்னிந்தியாவுக்கு எவ்வகையிலும் குறையாத ஒரு சமுதாயத்திலே, சாதிமீறிய காதலனின் தண்டனையை ஊர் முழுவதும் இரவிரவாகக் கண்விழித்துப் பார்த்து அழுதது. அவ்வழுகையை வெறும் பக்தியென்று ஒதுக்கிவிடலாகாது. அதனை எதிர்ப்பென்று கொண்டாடுவதும் அவசரமாகும். மறுநாட்காலை கோயிலின் உட்பிரகாரத்துள் யார் நுழையலாம், யார் நுழையலாகாது என்பது முன்னர்போலவே இருந்தது.

பத்தொன்பதாம் நூற்றாண்டிலே அச்சும் ஆங்கிலக்கல்வியும் நாவலைக் கொணர்ந்தபோது, காதல் வேறொரு சிக்கலை எதிர்நோக்கிற்று. பெண்கள் பருவமடையுமுன் மணம் செய்விக்கப்படும் மேற்சாதிக் குடும்பங்களிலே, மணத்துக்கு முன் காதலிப்பதற்கு வயதே இல்லை. ஆகவேதான் வேதநாயகம்பிள்ளையின் பிரதாப முதலியார் சரித்திரத்தில் (1879) நாயகியான ஞானாம்பாள் நாயகனின் உறவுமுறைப் பெண்ணாகவே இருக்கிறாள். இராஜமையரின் கமலாம்பாள் சரித்திரத்திலும் (1896) மாதவையாவின் பத்மாவதி சரித்திரத்திலும் (1898) காதல் மணத்தின் பின்னரே மலர்கிறது. யதார்த்தநெறி நின்ற ஆசிரியர்களுக்கு வேறு வழியில்லை. மணத்துக்கு முந்திய காதலைச் சித்திரிக்க விரும்பியவர் காலத்தை மாற்றவேண்டியிருந்தது.

அதனைச் செய்தவர் திருகோணமலையிற் பிறந்து சென்னையில் வாழ்ந்த த. சரவணமுத்துப்பிள்ளை. 1892 இல் வெளிவந்த அவரது தத்தைவிடுதூது பழைய தூதுப் பிரபந்தத்தின் வடிவிலே பெண்ணடிமையையும் பெண்ணுக்குக் கல்வி மறுக்கப்படுவதையும் கண்டித்து, துணையைத் தெரியும் உரிமையைக் கோரியது. 1895 இல் அவர் எழுதிய மோகனாங்கி, நாயக்கர் காலத்து மதுரைச் சொக்கநாதனையும் தஞ்சை இளவரசியையும் காதலராக்கியது. தமிழில் முதல் வரலாற்று நாவல் என்ற வகையில் அதனைப்பற்றிப் பேசப்பட்டுள்ளது. ஆனால் வரலாற்றை அவர் ஏன் நாடினார் என்பதற்குத் தத்தைவிடுதூதையும் சேர்த்துப் படித்தாலன்றி விடை கிடைக்காது. சமகாலம் மறுத்த காதலுக்கு அவர் கடந்தகாலத்தில் இடம் தேடினார். பின்னர் கல்கியின் கைகளிலே வரலாற்று நாவல் இதே வசதியைப் பெருவாரியான சஞ்சிகை வாசகர்களுக்கு அளித்தது. அங்கேயோ சமகாலத்தை இடித்துரைக்கும் நோக்கம் கரைந்துபோய், மனோரதியப் பாங்கே எஞ்சியது.

சரவணமுத்துப்பிள்ளையின் குரல் ஈழத்தில் உடனடியாகத் தொடரப்படாமைக்கு இலக்கியக் காரணங்களைத் தேடவேண்டியதில்லை. 1707 இல் ஒல்லாந்தர் தொகுப்பித்த தேசவழமையைப் புரட்டினால் போதும். முதுசம், சீதனம், தேடியதேட்டம் என்ற சொத்துப் பாகுபாட்டின் மையத்திலே மகளின் திருமணம் நிற்கிறது. யாழ்ப்பாணத்திற் கலியாணம் என்பது காணி கைமாறும் நிகழ்ச்சி. சங்கப் பாடல்களிலே பெண்ணைக் கொள்வோன் பொருள் கொடுத்தான். இங்கு கொடுப்போரே பொருளும் கொடுத்தனர். காணி ஒரு சாதிக்குள்ளும், கூடுமானவரை ஒரு பகுதிக்குள்ளும் நிற்கவேண்டுமாயின், காதல் அதனுள் நுழையலாகாது.

1937 ஆம் ஆண்டு நமது ஆய்வுக்கு ஒரு திருப்புமுனையாகும். அவ்வாண்டில் எல்லிஸ் ஆர். டங்கனின் நெறியாள்கையில் எம். கே. தியாகராஜ பாகவதர் நடித்த அம்பிகாபதி வெளிவந்தது. கம்பனின் மகன் சோழ இளவரசியைக் காதலிக்கிறான். காமச்சுவை கலவாது நூறு பாடல்கள் பாடினால் உயிர்பிழைக்கலாம் என்று அரசன் நிபந்தனை இடுகிறான். கடவுள் வாழ்த்தையும் சேர்த்து எண்ணிவிட்ட தவறால், காதலன் நூறு முடியுமுன் காதலைப் பாடி உயிரிழக்கிறான். பாரதிதாசனின் புரட்சிக்கவியும் அதே ஆண்டுக்குரியது. பில்கணீயத்தைத் தழுவிய அதன் கதையும் ஏறத்தாழ ஒன்றே: சாதாரண கவிஞன் உதாரன், அரசகுமாரி அமுதவல்லி, கொலைத்தண்டனை. ஆனால் இங்கே கவிஞன் கொலைக்களத்தில் நின்று மக்களை நோக்கிப் பேசுகிறான், மக்கள் கிளர்ந்தெழுகின்றனர், அரசன் ஓடுகிறான். காதலனுக்கு இரகசியப் பிறப்பு எதுவும் கண்டுபிடிக்கப்படவில்லை. பிறப்பொப்பு என்ற விதியையே கதை தூக்கியெறிகிறது. 1920 களின் பிற்பகுதியிலிருந்து சுயமரியாதை இயக்கம் நடத்திவந்த, புரோகிதரில்லாத திருமணங்களும் சாதிமறுப்பு மணங்களும் இக்காவியத்தின் பின்னணியாக இருந்தன. அத்திருமணங்களுக்குத் தமிழகச் சட்டமன்றம் சட்டவலிமை தந்தது 1967 இல்தான்.

புரட்சிக்கவியின் தீர்வு திரைக்கு வந்துசேர்ந்திருக்கவேண்டும். அவ்வியக்கத்திலிருந்து கிளைத்த திராவிட முன்னேற்றக் கழகத்தினரே திரையுலகில் வலுப்பெற்றிருந்தனர். எனினும் திரையில் வென்றது அம்பிகாபதியும் மதுரைவீரனும்தான். 1956 இல் எம். ஜி. இராமச்சந்திரன் நடித்த மதுரைவீரனில் செருப்புத் தைப்பவரின் வளர்ப்புமகன் பிறப்பால் அரசகுமாரனாகவே வைத்துக்கொள்ளப்பட்டான். காத்தவராயன் கதை 1941 இல் பி. யு. சின்னப்பா நடித்த ஆரியமாலாவாகவும், 1958 இல் சிவாஜி கணேசன் நடித்த காத்தவராயனாகவும் படமாயிற்று. இரண்டிலும் தெய்வப் பிறப்பு நீங்கவில்லை. சமூகப்படங்கள் எனப்பட்டவற்றிலோ இன்னொரு மாற்றம் நிகழ்ந்தது. சாதி என்ற சொல் மறைந்து ஏழை, பணக்காரன் என்ற சொற்கள் அதன் இடத்தைப் பிடித்தன. பணக்காரர் மகளை ஏழை இளைஞன் காதலிப்பான்; அவன் என்ன சாதி என்று யாரும் கேட்கமாட்டார்கள். வர்க்கமுரண்பாடு பேசப்பட்டதாக இதனை மெச்சுவோரும் உளர். அவர்கள் ஒன்றை மறந்துவிடுகின்றனர். செல்வத்தை ஈட்டலாம்; அல்லது படத்தின் முடிவிலே அவன் இழந்த சொத்தின் வாரிசு என்பது தெரியவரலாம். சாதியை அவ்வாறு ஈட்ட முடியாது. தீர்க்க முடியாத முரண்பாட்டைத் தீர்க்கக்கூடிய முரண்பாடாக மொழிபெயர்த்துக் காட்டுவதே அப்படங்களின் கருத்துநிலைப் பணியாக இருந்தது.

சிவத்தம்பி 1981 இல் வெளிவந்த தமிழ்த் திரைப்படம் பற்றிய தமது நூலிலே, தமிழர் அனைவரும் ஒரே கூரையின்கீழ் அமர்ந்த முதலாவது அரங்கு திரையரங்கே என்றும், அங்கு இருக்கையைத் தீர்மானித்தது சாதிப்படிநிலையன்றிக் காசே என்றும் எடுத்துக்காட்டினார். திரைக்காதலின் இலக்கணமும் இதுவே. தரையில் இருப்பவனும் நாற்காலியில் இருப்பவனும் காசினால் மட்டுமே வேறுபட்டவர்கள் என்ற மயக்கம் அரங்கினுள் மூன்று மணிநேரம் நீடித்தது. படத்தினுள்ளும் அந்த நேரமே நீடித்தது.

ஈழத்துத் தமிழ்த் திரைப்படங்களுள் இம்மயக்கத்துக்கு உட்படாதது பொன்மணி. காவலூர் இராசதுரையின் எழுத்தில், சிங்களத் திரையுலகின் முற்போக்கு நெறியாளரான தர்மசேன பத்திராஜ 1977 இல் யாழ்ப்பாணத்தில் எடுத்த படம் இது. சீதனத்தின் சுமையால் நசுங்கும் ஒரு குடும்பம். அதன் இளைய பெண் சாதிக்கு வெளியே ஒருவனை விரும்பி உடன்போகிறாள். உடன்போக்கு கொலையில் முடிகிறது. பாட்டும் சண்டையும் எதிர்பார்த்துச் சென்றோரை அது கவரவில்லை. வணிகரீதியில் அப்படம் தோல்வியுற்றது. செவிலிகள் சுரத்தில் அழுத பாலைப்பாடல்களை அறிந்த நாம், மகளைத் தேடிச் செல்வோரின் கையில் என்ன இருக்கும் என்பதை அப்படத்தின் வழியாகவே முதலில் நமது மண்ணில் பார்த்தோம்.

தமிழகத்திலே பாரதிராஜாவின் அலைகள் ஓய்வதில்லை (1981) பூணூலையும் சிலுவையையும் களைந்துவிட்டு இளங்காதலர் ஊரைவிட்டு நடந்துபோவதோடு முடிந்தது. அவர்கள் எங்கு சென்றார்கள், எவ்வாறு பிழைத்தார்கள் என்று அப்படம் கேட்கவில்லை. பாலாஜி சக்திவேலின் காதல் (2004) அதனைக் கேட்டது. மதுரையின் இருசக்கர வண்டி திருத்துநர் ஒருவனும் செல்வாக்குள்ள சாதிக்குடும்பத்தின் பள்ளி மாணவியும் சென்னைக்கு ஓடுகின்றனர். குடியிருக்க அறையும், தாலிக்குப் பணமும், நண்பனின் தயவும் அங்கே அவர்களுக்குத் தேவைப்படுகின்றன. உறவினர் வந்து அழைத்துச் செல்கின்றனர். அவன் மனம் சிதைந்து தெருவில் திரிகிறான். எட்டாண்டுகள் கழித்து, 2012 நவம்பரில், தருமபுரி மாவட்டத்திலே ஒரு சாதிமறுப்பு மணத்தைச் சாக்காக்கித் தலித் குடியிருப்புகள் எரிக்கப்பட்டன. புறநானூற்று மகட்பாற் காஞ்சியிலே ஒரு பெண்ணின் பொருட்டு ஊர் எரிந்தது பழங்கதையென்று நினைத்தோர் அன்று செய்தித்தாளில் அதனைப் படித்தனர்.

மாரி செல்வராஜின் பரியேறும் பெருமாள் (2018) இம்மரபிலே புதியதொரு நிலைப்பாட்டை எடுத்தது. அங்கே காதல் காதலென்று சொல்லப்படுவதே இல்லை, உடன்போக்கும் இல்லை. தலித் மாணவனான நாயகனுக்கு மறைந்திருந்த பிறப்பொன்றும் வெளிப்படுவதில்லை. அவன் எவனாக முதற்காட்சியில் இருந்தானோ அவனாகவே இறுதிவரை நிற்கிறான். மாறவேண்டியவன் தானல்லன் என்பதைப் பெண்ணின் தந்தைக்கு நேரே கூறுகிறான். தன்மீது நடந்த கொலைமுயற்சியை அவளுக்குச் சொல்லாமல் மறைத்துவிடுகிறான். அகமரபில் மறைபொருளாக இருந்தது களவு. இங்கே மறைபொருளாக இருப்பது அவள் வீட்டார் செய்த வன்முறை. கடைசிக் காட்சியிலே இருவர் குடித்துவிட்டுச் சென்ற இரண்டு தேநீர்க் குவளைகள் அருகருகே இருக்கின்றன. ஒன்றில் பால் கலந்தது, மற்றதில் கலவாதது. இடையில் ஒரு பூ.